மைனர் லீக் பேஸ்பாலும் மழையும்: டிக்கெட் எடுத்தவர்கள் கேட்கும் கேள்விகள்

மேஜர் லீக் அணிகளோடு இணைந்து, பெரும்பாலும் இளம் வீரர்களைத் தயார்செய்யும் முழு சீசன் மைனர் லீக் பேஸ்பால் அணிகள் 120 இருக்கின்றன, ஒன்றைத் தவிர மற்றவை அமெரிக்காவில். ஏறக்குறைய ஏப்ரல் தொடக்கத்திலிருந்து செப்டம்பர் வரை இவை ஆடுகின்றன. மேஜர் லீக்கைவிட டிக்கெட் விலை ரொம்பக் குறைவு, மைதானம் வீட்டுக்குப் பக்கம், பிள்ளைகள் ஓடியாட இடமும் இருக்கும். எனக்குத் தெரிந்த தமிழ்க் குடும்பங்கள் பலவும் தங்கள் முதல் பேஸ்பால் ஆட்டத்தைப் பார்த்தது இப்படியொரு மைதானத்தில்தான். ஆனால் மூடித் திறக்கும் கூரையை இந்த அளவில் எதிர்பார்க்க முடியாது. வானம் இருட்டினால் கேள்விகள் வந்துவிடும். வட கரோலினாவில் இருந்துகொண்டு கோடை மாலைகளில் ஆட்டம் பார்க்கப் போகிறவன் என்பதால் நண்பர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன்.

கேள்வி: மழையால் ஆட்டம் நடக்காவிட்டால் பணம் திரும்பக் கிடைக்குமா?

பெரும்பாலும் பணமாகக் கிடைக்காது. அதற்குப் பதில் வேறொரு நாள் ஆட்டத்துக்கு டிக்கெட் கிடைக்கும். அநேகமாக எல்லா அணிகளிலும் இதுதான் வழக்கம். அதே சீசனில் அந்த அணி சொந்த மைதானத்தில் ஆடப்போகும் வழக்கமான ஆட்டங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, அதே விலைக்கோ அதற்குக் குறைந்த விலைக்கோ உள்ள இருக்கைக்கு மாற்றிக்கொள்ளலாம். அந்த நாளில் இடம் காலியாக இருக்க வேண்டும். விலை கூடுதலான இருக்கை வேண்டுமென்றால் வித்தியாசத்தைக் கட்டச் சொல்வார்கள். இலவசமாக வந்த டிக்கெட்டுக்குப் பல இடங்களில் இந்தச் சலுகை இல்லை. பிளேஆஃப் ஆட்டங்களுக்கும் மாற்ற விடமாட்டார்கள்.

இந்த ஏற்பாட்டுக்கு வயது நூற்றுக்கும் மேல். டிக்கெட்டில் கிழித்தெடுக்கும் ஒரு துண்டை வைத்து, மழை வந்தால் அந்தத் துண்டோடு இன்னொரு நாள் வரலாம் என்ற முறையை 1880களில் கொண்டுவந்தவர் என்று நியூ ஆர்லியன்ஸ் அணியின் ஏப்னர் பவலைச் சொல்வார்கள். அவருக்கு முன்பே சில ஊர்களில் இது இருந்தது என்று வரலாற்றாளர்கள் காட்டியிருக்கிறார்கள். எப்படியோ, ரெயின் செக் எனப்படும் இந்த மாற்று டிக்கெட் முறை பிறந்தது பேஸ்பால் மைதானத்தில்தான். இன்று துண்டுச் சீட்டு போய் செல்போன் டிக்கெட் வந்துவிட்டது. சில அணிகள் உங்கள் கணக்கிலேயே அந்தத் தொகையை வரவு வைத்துவிடுகின்றன, சில அணிகளில் நீங்கள்தான் டிக்கெட் கவுண்டரைக் கூப்பிட்டுக் கேட்க வேண்டும். கேட்காமல் விட்டால் சீசன் முடிந்ததும் அது போயே போச்சு. ஆட்டம் ரத்தான மறுநாளே போன் செய்துவிடுங்கள் என்பது என் முதல் அறிவுரை.

கேள்வி: பாதி ஆட்டம் நடந்து மழை வந்தால்?

இங்கே ஒரே ஒரு எண்ணை நினைவில் வைத்தால் போதும்: 5 இன்னிங்ஸ். பேஸ்பாலில் ஓர் இன்னிங்ஸ் என்றால் வெளியூர் அணி முதலிலும் உள்ளூர் அணி அடுத்தும் ஒருமுறை மட்டை பிடிப்பது. 9 இன்னிங்ஸ் கொண்ட ஆட்டத்தில் 5 முடிந்துவிட்டால் விதிப்படி அது முழு ஆட்டம். உள்ளூர் அணி முன்னிலையில் இருந்தால் நாலரையே போதும், ஏனென்றால் அவர்கள் மட்டை பிடிக்கும் பாதி இனித் தேவையில்லை. டி20 கிரிக்கெட்டில் முடிவு வர இரு அணிகளும் குறைந்தது 5 ஓவர் ஆடியிருக்க வேண்டும் அல்லவா, கிட்டத்தட்ட அதே யோசனைதான். ஆனால் கிரிக்கெட்டில் இருப்பதுபோல இலக்கைத் திருத்திக் கணக்குப் போடும் டக்வொர்த் லூயிஸ் சமாசாரமெல்லாம் பேஸ்பாலில் கிடையாது. நின்றபோது என்ன ஸ்கோரோ அதுதான்.

டிக்கெட் வாங்கியவருக்கு இதன் பொருள்: ஐந்தாவது இன்னிங்ஸ் முடிந்த பிறகு கொட்டித் தீர்த்தால் மாற்று டிக்கெட் கிடையாது. ஆறு, ஏழு, எட்டு எதையும் பார்க்காமல் வீட்டுக்குப் போனாலும் நீங்கள் ஒரு முழு ஆட்டம் பார்த்தவர்தான். சிலருக்கு இது அநியாயமாகத் தோன்றும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. எங்கேயாவது ஒரு கோடு போட வேண்டும், அதை எல்லோருக்கும் முன்கூட்டியே தெரிந்த இடத்தில் போட்டிருக்கிறார்கள்.

2022 முதல் எல்லா முழு சீசன் மைனர் லீக்குகளிலும் பந்து வீசும் பிட்சருக்கு, அடுத்த பந்தை எவ்வளவு நேரத்துக்குள் வீச வேண்டும் என்று காட்டும் நேரக் கடிகாரம் வந்துவிட்டது. அதனால் ஓர் ஆட்டத்தின் நீளம் ஏறக்குறைய 25 நிமிடம் குறைந்தது. இப்போது ஒன்றரை மணி நேரத்துக்குள்ளேயே ஐந்து இன்னிங்ஸ் முடிந்துவிடுவது சாதாரணம். ஆறரைக்குத் தொடங்கிய ஆட்டத்தில் எட்டரைக்கு மழை வந்தால் மாற்று டிக்கெட்டை மறந்துவிடுங்கள்.

கேள்வி: நாலாவது இன்னிங்ஸிலேயே நின்றுவிட்டது. அதுவரை ஆடியது வீணா?

இல்லை. மைனர் லீக்கில் அப்படி நின்ற ஆட்டத்தை இடைநிறுத்தி வைப்பார்கள். மறுநாளோ அந்தத் தொடருக்குள் வேறொரு நாளோ நின்ற இடத்திலிருந்தே தொடருவார்கள். அதே ஸ்கோர், அதே அவுட் கணக்கு, பேஸ்களில் (ஓடுபவர்கள் தொட்டு நிற்கும் இடங்கள்) நின்றவர்கள் அங்கேயே. ஐந்து இன்னிங்ஸ் தாண்டிய ஆட்டமும் சில நேரம் இப்படி நிற்கும். சமனில் நின்றால் அப்படித்தான். வெளியூர் அணி முடியாத இன்னிங்ஸில் முன்னிலை பெற்று, உள்ளூர் அணிக்குப் பதில் சொல்ல வாய்ப்புக் கிடைக்கும் முன் மழை வந்தாலும் அப்படித்தான்.

தொடர்ச்சியைப் பார்க்க மறுநாள் டிக்கெட் வைத்திருப்பவர்களை உள்ளே விடுவார்கள். முதல் நாள் டிக்கெட்டுக்கு மாற்று உண்டா என்பது அணிக்கு அணி மாறும். ஐந்து இன்னிங்ஸ் ஆகவில்லை என்றால் பல அணிகள் தருகின்றன. அணியின் இணையதளத்தில் மழைக் கொள்கை என்று ஒரு பக்கம் இருக்கும். வாங்குவதற்கு முன் அதை இரண்டு நிமிடம் படித்துவிடுங்கள்.

இடைநிறுத்தம் என்றால் எல்லோரும் சொல்லும் கதை மழையால் வந்ததல்ல. 1981 ஏப்ரல் 18 அன்று ரோட் ஐலண்டில் பாட்டக்கெட், ராச்செஸ்டர் அணிகள் தொடங்கிய ஆட்டம் 32 இன்னிங்ஸ் ஆகியும் சமனிலேயே இருந்தது. மறுநாள் அதிகாலை 4 மணி தாண்டித்தான் நிறுத்தினார்கள். அப்போது அரங்கில் மிச்சமிருந்த ரசிகர்கள் 19 பேர். ஜூன் 23 அன்று தொடர்ந்தபோது ஒரே இன்னிங்ஸில், 18 நிமிடத்தில் முடிந்தது. பின்னாளில் புகழ்பெற்ற வேட் பாக்ஸும் கேல் ரிப்கனும் அதில் எதிரெதிராக ஆடினார்கள்.

கேள்வி: ஆட்டத்தை நிறுத்துவது யார்? ஏன் இவ்வளவு நேரம் காக்க வைக்கிறார்கள்?

ஆட்டம் தொடங்கும்வரை முடிவு உள்ளூர் அணியின் கையில். தொடங்கிவிட்டால் தலைமை அம்பயர் கையில். நிறுத்திய பிறகு குறைந்தது 30 நிமிடம் காத்திருக்காமல் ஆட்டத்தைக் கைவிடக் கூடாது என்று விதியே இருக்கிறது. திரும்ப ஆட வாய்ப்பிருக்கிறது என்று அவர் நம்பும்வரை காத்திருப்பை நீட்டிக்கொண்டே போகலாம்.

காத்திருப்புக்குப் பின்னால் பணமும் இருக்கிறது, அதில் ஒளிக்க ஒன்றுமில்லை. வீரர்களுக்கும் பயிற்சியாளர்களுக்கும் சம்பளம் கொடுப்பது மேலே இருக்கும் மேஜர் லீக் அணி. ஆனால் உள்ளூர் கிளப் வாழ்வது டிக்கெட், சாப்பாடு, பார்க்கிங், தொப்பி, விளம்பரம் இவற்றில்தான். டிக்கெட்டை இன்னொரு நாளுக்கு மாற்றிக் கொடுத்துவிடலாம், இன்று விற்காமல் போன ஹாட் டாக்கை அப்படி மாற்ற முடியாது. அதனால் கிளப்புக்கு ஆட்டம் நடந்தாக வேண்டும். மேலே இருக்கும் அணிக்கோ அதன் இளம் பிட்சரின் தோள்தான் முக்கியம். கை சூடேற்றிப் பந்து வீசிவிட்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்த பிட்சரை அநேகமாகத் திரும்ப இறக்க மாட்டார்கள். நீங்கள் யாரைப் பார்க்க வந்தீர்களோ அவர் மழைக்குப் பின் வராமல் போகலாம். காரணம் இதுதான், யார் மேலும் கோபப்பட வேண்டாம்.

கேள்வி: மழை நின்று அரை மணி ஆகிவிட்டது. இன்னும் ஏன் தொடங்கவில்லை?

உள்வட்டத்தின் மண்தான் காரணம். புல்லுக்கு அடியில் மணல் போட்ட நல்ல மைதானம் தண்ணீரைச் சீக்கிரம் உறிஞ்சிவிடும். பேஸ்களுக்கு இடையே இருக்கும் செம்மண் அப்படி இல்லை. களிமண்ணும் வண்டலும் மணலும் கலந்த அந்தத் தரை ஒருமுறை சேறாகிவிட்டால் அன்றைய ஆட்டம் அவ்வளவுதான். அதைக் காப்பாற்றத்தான் தார்ப்பாய்.

அதை விரிப்பதை ஒருமுறை நின்று பாருங்கள். ஒரு பக்கம் மட்டும் ஏறக்குறைய 170 அடி. ஓரத்தில் பெரிய உருளையில் சுற்றி வைத்திருப்பார்கள். சைகை கிடைத்ததும் பதினைந்து இருபது பேர் விளிம்பைப் பிடித்துக்கொண்டு ஓடுவார்கள். காற்று அடியில் புகுந்தால் அந்தப் பாய் ஆளையே தூக்கிவிடும், அதனால் கையில் சுற்றிப் பிடிக்கக் கூடாது என்று முதலிலேயே சொல்லிவைப்பார்கள். ஓடுபவர்களில் மைதான ஊழியர்கள் சிலர்தான். மத்தியானம் போனில் உங்களுக்கு டிக்கெட் விற்ற பையனும், அலுவலகத்தில் கணக்கு எழுதும் பெண்ணும் சாயங்காலம் தொப்பலாக நனைந்தபடி அந்தப் பாயை இழுத்துக்கொண்டிருப்பார்கள். மைனர் லீக்கில் இது சர்வ சாதாரணம், எனக்கு இந்த விளையாட்டின் மேல் இருக்கும் பிரியத்தில் பாதி இதனால்தான்.

எடுப்பது போடுவதைவிட மெதுவான வேலை. பாயின் மேல் குளம்போலத் தேங்கிய தண்ணீரைச் செம்மண்ணில் கொட்டிவிடாமல், பாயை மடித்து மடித்து வெளிவட்டப் புல்பக்கம் தள்ளிக்கொண்டு போக வேண்டும். ஓரங்களில் ஊறிய இடத்தில் சுட்ட களிமண் துகளை மூட்டை மூட்டையாகக் கொட்டி, ஈரத்தை உறிஞ்ச விட்டு, வாரிச் சமன்செய்வார்கள். சுண்ணக் கோடுகளைத் திரும்பப் போட வேண்டும். பிட்சரும் முதலிலிருந்து கை சூடேற்ற வேண்டும். இதெல்லாம் சேர்ந்து மழை நின்றபின் 30, 40 நிமிடம் ஆவது நியாயமே. ‘அப்படியானால் காலையிலேயே மூடிவைக்கலாமே’ என்று கேட்பார்கள். வெயிலில் பாயை விட்டுவைத்தால் அடியில் இருக்கும் புல் வெந்துவிடும்.

கேள்வி: மழையே இல்லை, ஆனால் நிறுத்திவிட்டார்கள்?

இடி அல்லது மின்னல். கடைசி இடிச்சத்தம் கேட்டதிலிருந்து 30 நிமிடம் காத்திருப்பதுதான் பொதுவான பாதுகாப்பு நெறி. நடுவில் இன்னொரு இடி கேட்டால் எண்ணிக்கை மறுபடி முதலிலிருந்து. உலோக பெஞ்சிலும் திறந்த புல்மேட்டிலும் இருக்காதீர்கள். இருக்கைகளுக்குப் பின்னால் இருக்கும் மூடிய உள்நடைக்குப் போங்கள், அங்கும் இடமில்லையென்றால் காருக்குள் போய்க் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு இருங்கள். வெளியே போனால் திரும்ப உள்ளே விடுவார்களா என்று வாசலில் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

கேள்வி: ‘நாளை டபுள்ஹெட்டர்’ என்கிறார்கள். அப்படியென்றால்?

ஒரே நாளில் இரண்டு ஆட்டம். மைனர் லீக்கில் இரண்டுமே 7 இன்னிங்ஸ்தான், நடுவில் சுமார் 30 நிமிட இடைவெளி. அநேகமாக ஒரே டிக்கெட்டில் இரண்டையும் பார்க்கலாம். இடைநிறுத்திய ஆட்டம் மீதமிருந்தால் முதலில் அதை 9 இன்னிங்ஸ் கணக்கில் முடித்துவிட்டு, அப்புறம் அன்றைய ஆட்டத்தை 7 இன்னிங்ஸாக ஆடுவார்கள்.

இரண்டு ஆட்டம் என்பதால் தொடக்க நேரம் முன்னால் வந்துவிடும், அதைக் கவனிக்காமல் பழைய நேரத்துக்குப் போனால் முதல் ஆட்டம் முடியும் தறுவாயில் இருக்கும். மற்றபடி, அந்த மறுநாள் டிக்கெட் வைத்திருப்பவருக்கு இதைவிட அதிர்ஷ்டம் கிடையாது. ஒரு டிக்கெட்டில் 14 இன்னிங்ஸ்!

கேள்வி: எந்தக் கிழமைக்கு டிக்கெட் எடுப்பது நல்லது?

இதை யாரும் யோசிப்பதில்லை, யோசிக்க வேண்டும். 2021 முதல் பெரும்பாலான தொடர்கள் ஒரே ஊரில் செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஆறு ஆட்டம். திங்கள் விடுமுறை. செவ்வாய் மழையில் போனால் புதன், வியாழன், வெள்ளி என்று ஈடுகட்ட நாள் இருக்கிறது, எதிரணியும் ஊரிலேயே இருக்கிறது. ஞாயிறு போனால் எதிரணி பஸ் ஏறிவிடும். அந்த இரு அணிகளும் மறுபடி சந்திக்காவிட்டால் அந்த ஆட்டம் அப்படியே ரத்து. புள்ளிப் பட்டியல் வெற்றி விகிதத்தில் போடப்படுவதால், அணிகள் சீசன் முடிவில் வேறுவேறு எண்ணிக்கையில் ஆடியிருந்தாலும் பிரச்சினை இல்லை.

ரத்தானாலும் உங்கள் மாற்று டிக்கெட் உரிமை போகாது. ஆனால் வெளியூரிலிருந்து விருந்தினர் வந்திருக்கிறார்கள், அவர்களுக்கு எப்படியாவது ஓர் ஆட்டம் காட்ட வேண்டும் என்றால் வாரத்தின் முன்பகுதியில் எடுங்கள். ஒருநாள் தவறினாலும் அடுத்த நாள் கையில் இருக்கும்.

ஊரும் கணக்கில் உண்டு. கலிபோர்னியா லீக்கில் கோடை மழை அபூர்வம். ஃபுளோரிடா ஸ்டேட் லீக்கில் நேர்மாறு: ஜூன் முதல் ஆகஸ்ட் வரை பிற்பகல் இடிமழை அன்றாட நிகழ்ச்சி. டேட்டோனா, லேக்லண்ட், கிளியர்வாட்டர் பக்கம் போகிறவர்கள் ஒரு மாற்று நாளை முன்பே மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். வட கரோலினா நடுத்தரம். மதியம் நாலு மணிக்கு மேல் மேகம் கூடும், பல நாள் ஒரு மணி நேரத்தில் கொட்டிவிட்டு விலகிவிடும்.

கேள்வி: வாணவேடிக்கைக்காகத்தான் டிக்கெட் எடுத்தோம். அது?

வாணவேடிக்கையைத் தடுப்பது மழையைவிடக் காற்றும் தாழ்ந்த மேகமும்தான். தாமதம் ரொம்ப நீண்டால் இரவு நேரச் சத்தத்துக்கு ஊர் வைத்திருக்கும் கட்டுப்பாடும் குறுக்கே வரும். தள்ளிவைத்தால் புதுத் தேதியை அறிவிப்பார்கள். ஆனால் ஐந்து இன்னிங்ஸ் ஆகிவிட்ட நாளில், வாணவேடிக்கை நடக்கவில்லை என்பதற்காக மாற்று டிக்கெட் தரவேண்டிய கட்டாயம் அவர்களுக்கு இல்லை. வாசலில் கொடுக்கும் பொம்மை, தொப்பி போன்றவை வாசல் திறந்திருந்தால் கொடுத்துவிடுவார்கள். சீக்கிரம் போனவருக்குக் கிடைக்கும்.

கேள்வி: மறுவிற்பனைத் தளத்தில் வாங்கினேன். என்னைக் கிளப் கவனிக்குமா?

இங்கேதான் சிக்கல். டிக்கெட் யார் கணக்கில் வாங்கப்பட்டதோ அவர் கணக்குக்கே வரவு போகலாம். கிளப் ‘வாங்கிய இடத்தில் கேளுங்கள்’ என்று சொல்லும். மறுவிற்பனைத் தளமோ, ஆட்டம் தள்ளிப்போனது, ரத்தாகவில்லை, ஆகவே பணம் தர முடியாது என்று சொல்லும். மைனர் லீக்கில் டிக்கெட் எளிதாகக் கிடைக்கிறது. மழைக்காலத்தில் கிளப்பிடமே நேராக வாங்குவதுதான் புத்திசாலித்தனம்.

கேள்வி: கம்பெனியிலிருந்து முப்பது பேர், சாப்பாட்டோடு புக் செய்திருக்கிறோம்.

குழு டிக்கெட்டுக்குத் தனி ஒப்பந்தம் உண்டு. இருக்கையை மாற்றித் தருவார்கள், பரிமாறிவிட்ட சாப்பாட்டுக்கு ஒன்றும் கிடைக்காது. முன்பணம் கட்டும் முன்பே எழுத்தில் கேட்டுவிடுங்கள்: ஆட்டம் எத்தனை மணிக்குள் ரத்தானால் சாப்பாட்டையும் வேறு நாளுக்கு மாற்றுவீர்கள்? குழு விற்பனையில் இருப்பவர் இந்தக் கேள்வியை ஆயிரம் முறை கேட்டவர், பதில் தயாராக வைத்திருப்பார். சைவச் சாப்பாடு கேட்டிருந்தால், புது நாளிலும் அதே ஏற்பாடு தொடருமா என்று நினைவூட்டுங்கள்.

கேள்வி: மழை வரும்போல இருக்கிறது. கிளம்பலாமா வேண்டாமா?

கிளம்புங்கள். நாள் முழுதுக்குமான ‘60 சதவீதம்’ என்ற எண்ணை நம்பி வீட்டில் இருந்துவிடாதீர்கள். ரேடார் படத்தில் மேகம் எந்தப் பக்கம் நகர்கிறது என்று பாருங்கள். ரத்தென்றால் கிளப்பின் சமூக வலைத்தளப் பக்கத்தில்தான் முதலில் வரும். அவர்கள் ரத்து என்று அறிவிக்காதவரை ஆட்டம் உண்டு. நீங்களாகப் போகாமல் இருந்துவிட்டு ஆட்டம் நடந்துவிட்டால் மாற்று டிக்கெட் கேட்க வழியில்லை.

குடையைவிட மழைக்கோட்டு நல்லது. பல மைதானங்களில் இருக்கையில் குடை விரிக்க விடமாட்டார்கள், பின்னால் இருப்பவருக்கு மறைக்கும். உள்ளே கொண்டுபோகும் பை கண்ணாடிபோல உள்ளே தெரிவதாக இருக்க வேண்டும் என்ற விதியும் பல இடங்களில் உண்டு. ஒரு பழைய துண்டு எடுத்துப்போங்கள், இருக்கை துடைக்க. தாமதத்தின்போது கூட்டம் பாதியாகிவிடும். மிச்சமிருப்பவர்களை முன்வரிசைக்கு நகர்ந்துகொள்ள ஊழியர்கள் பல நேரம் கண்டுகொள்ளாமல் விடுவார்கள். பிட்சர் பந்தை விடும்போது எழும் முனகல் காதில் விழும் தூரத்தில் உட்கார்ந்து பார்க்கக் கிடைக்கும்.

கேள்வி: சீசனின் கடைசி ஆட்டமே மழையில் போய்விட்டால்?

மாற்றிக்கொள்ள அந்த வருடம் ஆட்டம் மிச்சமில்லை. சில அணிகள் அடுத்த ஏப்ரலுக்கு ஒத்துக்கொள்கின்றன, சில கடையில் செலவழிக்கும் வரவாகத் தருகின்றன, சில எதுவும் தருவதில்லை. ஆகஸ்ட் கடைசிக்குப் பிறகு எடுக்கும் டிக்கெட்டுக்கு மட்டும் இதை வாங்கும் முன்பே கேளுங்கள். சீசன் நடுவில் கிடைத்த மாற்று டிக்கெட்டையும் அதுவரை இழுக்காமல், ஜூலையிலோ ஆகஸ்ட் தொடக்கத்திலோ ஒரு செவ்வாய்க்கிழமைக்கு மாற்றிக்கொண்டுவிடுங்கள்.